பனைக்குக் கிளை உண்டா? மரச்சொற்களைப் பற்றி ஒரு கேள்வி

வாய்க்கால்கரை ஆசிரியர் கேட்டது:

அனைவருக்கும் வணக்கம். சேரன்மகாதேவிக்கு அருகில், கன்னடியன் கால்வாய் பாயும் ஓர் ஊரில் நடுநிலைப் பள்ளி ஆசிரியராக இருக்கிறேன். எங்கள் பள்ளி வளாகத்தில் வேம்பு, புங்கு, பூவரசு, புளி, மருது ஆகியவற்றோடு ஒரு பெரிய ஆலமரமும், நான்கைந்து தென்னைகளும், மதிலை ஒட்டி மூன்று பனைகளும் நிற்கின்றன. இவை ஒவ்வொன்றுக்கும் ஒரு பலகை எழுதி, மரத்தின் படத்தை வரைந்து, உறுப்புகளின் பெயர்களைக் குறித்து, அடியில் இரண்டு வரியில் பராமரிப்புக் குறிப்பும் சேர்த்து மாட்டியிருக்கிறோம். பிள்ளைகள் ஆசையோடு செய்த வேலை இது. எல்லாப் பலகைகளுக்கும் ஒரே அச்சைத்தான் பயன்படுத்தினேன். வேர், தண்டு, கிளை, இலை, பூ, காய் என்பதே அந்த அச்சு.

சென்ற வாரம் பனைகளில் காய்ந்த ஓலைகளைக் கழிக்க வந்த பெரியவர் ஒருவர், அரிவாளை இடுப்பில் செருகிக்கொண்டு பலகையின் முன்னால் வெகுநேரம் நின்றார். பிறகு என்னைப் பார்த்து, “என்ன சார், பனைக்குப் போய்க் கிளைன்னும் இலைன்னும் எழுதியிருக்கிய? நாளைக்கு இந்தப் பிள்ளைய என்கிட்ட வந்து ‘கிளையை வெட்டு’ன்னு சொன்னா நான் எதை வெட்ட?” என்று கேட்டார். அவர் குரலில் கேலி இல்லை. உண்மையான கவலை இருந்தது. அதன் பின் கால் மணி நேரம், மரத்தைத் தொட்டுத் தொட்டு அவர் சொன்ன பெயர்களை ஏழாம் வகுப்புப் பிள்ளைகள் எழுதிக்கொண்டார்கள். எண்ணிப் பார்த்தால் இருபதுக்கு மேல் வருகின்றன. அவற்றில் பாதியை நானே அன்றுதான் முதன்முதலாகக் கேட்டேன்.

இப்போது பலகைகளை மாற்றி எழுத நினைக்கிறேன். அதற்கு முன் மூன்று செய்திகளைத் தெளிவாக்கிக்கொள்ள வேண்டும். அந்தப் பெரியவர் சொன்னவை எங்கள் வட்டாரத்துப் பேச்சு மட்டுமா, அல்லது எழுத்துத் தமிழிலும் அவற்றுக்கு வேர் உண்டா? பராமரிப்புக் குறிப்பில் ‘கவாத்து’ என்று எழுதியிருக்கிறேன், ஊரில் எல்லோரும் ‘கழிக்கிறது’ என்கிறார்கள், இரண்டும் ஒன்றுதானா? மூன்றாவதாக, எட்டாம் வகுப்புப் பிள்ளைகளுக்கு ‘மரம்போல் பிரியும் உருவங்கள்’ என்று ஒரு செயல்பாடு கொடுத்து, குடும்பத்தையும் ஆற்றையும் வரையச் சொன்னேன். ‘குடும்ப மரம்’ என்று தலைப்பிட்டதைப் பார்த்த ஒரு பிள்ளையின் ஆச்சி, “குடும்பத்தைக் கொடின்னுதான சொல்லுவோம்?” என்று கேட்டு அனுப்பியிருக்கிறார்கள். அதற்கும் என்னிடம் சரியான விடை இல்லை. அறிந்தவர்கள் விரிவாகவே எழுதுங்கள். பலகை சிறியதானாலும் வகுப்பறையில் பேச இடம் இருக்கிறது.


தேரிக்காட்டுக்காரர் எழுதியது:

வணக்கம், ஆசிரியர் ஐயா. நான் உடன்குடிப் பக்கம். 1986க்கு முன் நாங்களும் திருநெல்வேலி மாவட்டம்தான் என்பதால் உரிமையோடு எழுதுகிறேன். என் தாத்தாவும் அப்பாவும் பனையேறியவர்கள்.

உங்கள் பள்ளிக்கு வந்த பெரியவர் சொன்னதைத் தொல்காப்பியமும் சொல்கிறது. மரபியலில், புறத்தே காழ் உடையவற்றைப் புல் என்றும், அகத்தே காழ் உடையவற்றை மரம் என்றும் பகுத்திருக்கிறார்கள். காழ் என்பது நாம் இன்று வைரம் என்று சொல்லும் கடினப் பகுதி. வேம்பையோ புளியையோ அறுத்துப் பாருங்கள். வைரம் நடுவில் இருக்கும். பனையைப் பிளந்து பாருங்கள். சுற்றிலும் கறுத்த வைரம் இருக்க, உள்ளே சோறு என்று சொல்லும் மென்மையான பகுதி இருக்கும். பழைய ஓட்டு வீடுகளின் பனங்கைகள் எல்லாம் அந்தச் சோற்றை நீக்கி, வெளி வைரத்தை மட்டும் செதுக்கி எடுத்தவைதாம். ஆகவே தொல்காப்பியக் கணக்கில் பனையும் தென்னையும் கமுகும் மூங்கிலும் புல்லினம். நெல்லையப்பர் கோயிலின் தல மரமான மூங்கிலும் புல் என்றே ஆகும். தாவரவியலும் மூங்கிலைப் புல் குடும்பத்தில்தான் வைத்திருக்கிறது.

அந்தப் பகுப்போடு மரபியல் நின்றுவிடவில்லை. எந்தச் சொல் எதற்கு உரியது என்பதையும் வகுக்கிறது. தோடு, மடல், ஓலை, ஏடு, இதழ், பாளை, ஈர்க்கு, குலை ஆகியவை புல்லோடு வரும். இலை, தளிர், முறி, சினை, குழை, பூ, அரும்பு, நனை ஆகியவை மரத்தோடு வரும். சினை என்றால் கிளை. அது மரத்தின் வரிசையில் மட்டுமே இருக்கிறது என்பதைக் கவனியுங்கள். ‘பனைக்குக் கிளை’ என்று எழுதியதைக் கண்டு அவர் திகைத்தது இதனால்தான். எழுதப் படிக்கத் தெரிந்தவரோ தெரியாதவரோ, அவருடைய கை அறிந்திருக்கும் இலக்கணம் அது.

இனிப் பனையின் சொற்கள். நடுவில் கூர்மையாக, இன்னும் விரியாமல் நிற்பது குருத்தோலை. அதற்கு அடுத்து விரிந்த இளம் ஓலை சாரோலை. முற்றிக் காய்ந்து தொங்குவது காவோலை. ‘காவோலை விழக் குருத்தோலை சிரித்ததாம்’ என்னும் பழமொழியை உங்கள் பிள்ளைகள் பொருளோடு அறிய வேண்டுமானால், பலகையில் இலை என்று எழுதியிருந்தால் முடியாது. ஓலையைத் தாங்குவது மட்டை. மட்டையின் இரு விளிம்பிலும் அரம்போல் இருப்பது கருக்கு. மட்டையிலிருந்து உரிக்கும் நாரில் உட்புறத்தது அகணி, வெளிப்புறத்தது புறணி. மட்டையின் அடியில் வலைபோல் சுற்றியிருப்பது பன்னாடை. எங்கள் பக்கம் சில்லாட்டை என்றும் சொல்வோம். நன்னூல் மாணாக்கருக்கு உவமை சொல்லும் இடத்தில் வரும் நெய்யரி இந்தப் பன்னாடைதான். நெய்யைக் கீழே விட்டுவிட்டுக் கசட்டை மட்டும் பிடித்து வைத்துக்கொள்வது போன்ற மாணாக்கன் என்று அதை வகுப்பில் சொல்லும்போது, ஒரு பன்னாடையைப் பிள்ளைகளின் கையில் கொடுத்துவிட்டுச் சொல்லுங்கள் ஐயா.

வளர்ச்சிக்கும் தனித்தனிப் பெயர் உண்டு. கொட்டை முளைத்து மண்ணுக்குள் இறங்குவது கிழங்கு; முளைத்த கொட்டையைப் பிளந்தால் உள்ளே பஞ்சுபோல் இனிப்பது தவுண்; தரைக்கு மேல் ஓலை விரித்து நிற்கும் இளம்பனை வடலி. வடலியைக் கன்று என்று யாரும் சொல்ல மாட்டார்கள். மாவுக்குக் கன்று, தென்னைக்குப் பிள்ளை, பனைக்கு வடலி. ஆண்பனையை அலகுப்பனை என்பதும் உண்டு. பனை நிற்கும் நிலத்துக்கே எங்கள் பக்கம் விளை என்று பெயர். திசையன்விளை என்பதில் நிற்கும் விளை அதுதான்.

ஏறும் தொழிலின் சொற்களையும் ஒரு பலகையில் எழுதுங்கள் என்று கேட்டுக்கொள்கிறேன். காலில் மாட்டுவது தளைநார். மரத்தில் சாய்த்து மிதித்து ஏறுவது முருக்குத்தடி. பாளையைக் கடிப்பு என்னும் இடுக்கியால் இடுக்கிப் பதப்படுத்தி, நுனியைப் பாளை அரிவாளால் மெல்லியதாகச் சீவிக் கலயம் கட்டுவார்கள். கலயத்தின் உள்ளே சுண்ணாம்பு தடவியிருந்தால் வடிவது பதநீர்; தடவாமல் விட்டால் புளித்துக் கள்ளாகிவிடும். சீவுகிற கை ஒரு நாள் தவறினாலும் பாளை காய்ந்துவிடும் என்பதால், பருவம் முழுவதும் அப்பா எந்தக் கல்யாணத்துக்கும் வெளியூர் போனதில்லை.

இவ்வளவையும் நான் எழுதுவதற்குக் காரணம் சொற்களின் அழகு மட்டுமில்லை. வேம்பில் ஒரு கிளை போனால் இன்னொரு கிளை வரும். பனைக்கு இருப்பது ஒரே குருத்து. அது போனால் மரம் போயிற்று. சிவப்புக் கூன்வண்டும் காண்டாமிருக வண்டும் தேடி வருவதும் அந்தக் குருத்தைத்தான். பட்டையில் ஆழமாக வெட்டு விழுந்தாலும், வேம்பைப் போலப் புது மரம் வளர்ந்து அதை மூடாது. அந்தத் தழும்பு கடைசி வரைக்கும் அப்படியே இருக்கும். கிளை என்று படித்த பிள்ளை, வெட்டினால் தழைக்கும் என்று நம்பி வளரும். குருத்து என்று படித்த பிள்ளை அங்கே கத்தியைக் கொண்டுபோகாது. 1978இல் மாநில மரமாக அறிவிக்கப்பட்ட பனைக்கு அதன் சொந்தப் பெயர்களோடு ஒரு பலகையாவது வேண்டும் ஐயா.


சாரல் நாற்றங்கால் எழுதியது:

தென்காசிப் பக்கம் நாற்றங்கால் நடத்தி வருகிறேன். தேரிக்காட்டு அண்ணாச்சி பனையைப் பற்றிச் சொன்னதற்கு மேல் சொல்ல எனக்கு ஒன்றும் இல்லை. பராமரிப்புச் சொற்களைப் பற்றி மட்டும் எழுதுகிறேன். அதற்கு முன் ஒரு கேள்வி. பலகைகளை ‘மாட்டியிருக்கிறோம்’ என்று எழுதியிருக்கிறீர்களே, ஆணி அடித்தா மாட்டியிருக்கிறீர்கள்? அப்படியானால் முதல் வேலையாக அவற்றைக் கழற்றிவிட்டு, மரத்துக்கு முன்னால் ஒரு கம்பை நட்டு அதில் மாட்டுங்கள். பட்டைக்கு அடியில் இருக்கும் மெல்லிய பசும்படலம்தான் ஆண்டுதோறும் புது மரத்தையும் புதுப் பட்டையையும் உண்டாக்குகிறது. ஆணி அதைத் துளைக்கிறது; துளையின் வழியே நீரும் பூசணமும் இறங்குகின்றன.

கவாத்தும் கழித்தலும் ஒன்றா என்று கேட்டிருந்தீர்கள். கவாத்து என்ற சொல் சிப்பாய்களின் அணிப்பயிற்சியையும் குறித்து வழங்கியது. தேயிலைத் தோட்டங்களிலும் தோட்டக்கலைத் துறையின் துண்டறிக்கைகளிலும் அது நிலைத்துவிட்டது. மாஞ்சோலை மலையில் வேலை செய்தவர்கள் அதை இயல்பாகவே சொல்வார்கள். ஒரு திட்டத்தோடு, காய்ப்புக்காகவும் உருவத்துக்காகவும், ஆண்டின் குறித்த காலத்தில் செய்வது கவாத்து. கழித்தல் அதைவிடப் பரந்த சொல். காய்ந்ததை, இடைஞ்சலானதை, ஆட்டுக்குத் தேவையானதை எடுத்துவிடுவது எல்லாம் கழித்தல். ‘கொப்பைக் கழி’ என்றால் மரம் நிற்க வேண்டும், வேண்டாதது மட்டும் போக வேண்டும் என்று பொருள். ‘தறி’ என்றால் குறுக்கே வெட்டித் துண்டாக்குவது. முருங்கையின் நுனியை விரலால் எடுப்பது கிள்ளுதல். விதையிட்டு வளர்க்கும் முருங்கையை ஏறத்தாழ 75 செ.மீ. உயரத்தில் கிள்ளிவிட்டால் பக்கக் கிளைகள் வெடித்துக் கைக்கெட்டும் உயரத்தில் காய்க்கும். பலகையில் மாவுக்கும் கொய்யாவுக்கும் கவாத்து என்று எழுதுங்கள். வேம்புக்கும் புளிக்கும் கழித்தல் என்று எழுதினால் போதும்.

மொட்டையடித்தல் என்ற சொல்லையும் சேர்த்து, அது கூடாது என்று எழுதுங்கள். மின்கம்பிக்குக் கீழே நிற்கும் மரங்களைத் தலையோடு வெட்டிவிட்டுப் போகும்போது, ‘நல்லாத் தழைச்சு வரும்’ என்று சொல்கிறார்கள். தழைப்பது உண்மைதான். ஆனால் அப்படிக் கொத்தாக வெடிக்கும் போத்துகள் பட்டைக்கு அடியிலிருந்து புறப்பட்டவை. உள்மரத்தில் வேர்பிடித்த கொப்பின் உறுதி அவற்றுக்கு வருவதில்லை. சில ஆண்டுகளில் பருத்து, ஆடிக் காற்றில் முறிந்து விழுபவை பெரும்பாலும் அவைதாம். போத்து என்ற சொல்லுக்கு இன்னொரு பொருளும் உண்டு. நடுவதற்காக வெட்டும் பெரிய கொம்புத் துண்டும் போத்துதான். முருங்கை, பூவரசு, கிளுவை, ஆல் எல்லாம் போத்து வைத்தே வளர்க்கலாம். உங்கள் பள்ளிப் பூவரசும் யாரோ வைத்த போத்தாக இருக்கக்கூடும்.

வெட்டும் முறையைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகவே எழுத வேண்டியிருக்கிறது, ஏனென்றால் பெரும்பாலான மரங்கள் இங்கேதான் கெடுகின்றன. கொப்பு மரத்தோடு சேரும் இடத்தில் வளையம்போல் சற்றுப் புடைத்திருக்கும். அதை நான் கொப்புக் கழுத்து என்று பிள்ளைகளுக்குச் சொல்லி வருகிறேன். காயத்தை மூடும் புது மரம் அந்தக் கழுத்திலிருந்துதான் சுருண்டு வரும். மரத்தோடு ஒட்டச் சீவினால் கழுத்தும் போய்விடும், காயமும் பெரிதாகும். முழங்கை நீளத்துக்கு விட்டுவிட்டு வெட்டினால் அந்தத் துண்டு காய்ந்து, மக்கி, உள்ளே பொந்தாக இறங்கும். கழுத்தை விட்டு, அதற்கு வெளியே வெட்டுவதே சரி. கனத்த கொப்பாக இருந்தால் மூன்று வெட்டு வேண்டும். முதலில் மரத்திலிருந்து ஒன்றரை அடி தள்ளி, அடிப்பக்கத்திலிருந்து மேல்நோக்கிக் கால் பங்கு அறுக்க வேண்டும். பிறகு அதற்குச் சற்று வெளியே மேலிருந்து அறுத்தால் கொப்பு பட்டையை உரித்துக்கொண்டு போகாமல் விழும். கடைசியாக மிஞ்சிய துண்டைக் கழுத்தின் ஓரமாக அறுக்க வேண்டும். வெட்டுவாயில் போர்டோ பசை (மயில்துத்தமும் சுண்ணாம்பும் கலந்த பூசணத் தடுப்பு) தடவுவது தோட்டக்கலையில் வழக்கம். ஆனால் பசையை நம்பிக் கண்ட இடத்தில் வெட்டுவதைவிட, பசை இல்லாமல் சரியான இடத்தில் வெட்டுவதே மரத்துக்கு நல்லது என்று நினைக்கிறேன்.

இன்னொரு சொல்: மூடு. மரத்தின் அடியை நாம் மூடு என்கிறோம். புளியமூட்டில் நில், வேப்பமூட்டில் உட்கார் என்பது நம் சீமைப் பேச்சு. இலைதழை போட்டு மண்ணை மூடுவது மூடாக்கு. இரண்டும் ஒலியில் நெருங்கி நிற்பதால், மூடாக்கை மூட்டிலேயே குவித்துவிடுகிறார்கள். மூட்டிலிருந்து ஒரு சாண் தள்ளியே மூடாக்குப் போட வேண்டும். பட்டையை ஒட்டி ஈரம் நின்றால் அழுகும். தண்ணீரையும் மூட்டில் ஊற்ற வேண்டியதில்லை. வளர்ந்த மரத்தில் நீரை உறிஞ்சும் சல்லிவேர்கள் உச்சிவெயிலில் நிழலின் விளிம்பு விழும் இடத்தை ஒட்டியும் அதற்கு வெளியேயும்தான் மிகுதி. வட்டப்பாத்தியை அங்கே வெட்டுங்கள். மூட்டைச் சுற்றிச் சிமெண்டு பூசி மேடை கட்டும் யோசனை பள்ளியில் யாருக்கேனும் இருந்தால், தயவுசெய்து தடுத்துவிடுங்கள்.


உளிச்சத்தம் எழுதியது:

சுருக்கமாக ஒரு சேர்க்கை. என் அப்பா கலப்பையும் வண்டியும் செய்த தச்சர். அவரைப் பொறுத்தவரை கிளை என்பது பொதுச்சொல். வேலைக்கு வரும்போது ஒவ்வொன்றுக்கும் வேறு பெயர். மரத்திலிருந்து முதலில் பிரியும் பெரியது கொப்பு. இரண்டாகப் பிரியும் இடம் கவடு அல்லது கவட்டை. அந்தப் பிரிவோடு சேர்த்து வெட்டிய கம்பு கவைக்கம்பு; தார் தள்ளிய வாழைக்கு முட்டுக்கொடுக்க அதுதான் வேண்டும். சிறுவர்கள் கல் எறியும் கவட்டைக்கும் கால்கள் பிரியும் கவட்டைக்கும் இதே சொல்தான். வளைத்தால் ஒடியாமல் சவளும் நீண்ட மெல்லிய புளியங்கொம்பு விளார். ஒடித்தால் டப்பென்று ஒடிவது சுள்ளி. விரலால் கிள்ளி எடுக்கும் அளவுக்குச் சிறியது இணுக்கு. கறிவேப்பிலையை நாம் இணுக்கு இணுக்காகத்தான் ஒடிக்கிறோம்.

கலப்பைக்கு மரம் பார்க்கப் போனால், அப்பா நேரான மரத்தை ஏறிட்டும் பார்க்க மாட்டார். கருவேலில் இயற்கையாகவே வளைந்த கொப்பைத் தேடி அரைநாள் நடப்பார். வளைவில் மரத்தின் நார் முறியாமல் ஓடும் என்பதால், நேர்மரத்தை வளைவாகச் செதுக்கியதைவிட அது பலமடங்கு உழைக்கும். இன்னொன்று: வைரத்துக்கு எதிர்ச்சொல்லாக எழுத்துத் தமிழில் வெளிறு என்பது இருக்கிறது. வைரம் ஏறாத வெளிப்பகுதியை வெளிறு என்று பலகையில் எழுதலாம். வேம்பு, புளிப் பலகைகளில் அறுத்த கட்டையின் படம் வரைந்தால் பிள்ளைகளுக்கு வைரமும் வெளிறும் ஒரே பார்வையில் விளங்கும். பக்கத்திலேயே பனையின் அறுத்த முகத்தையும் வரைந்துவிடுங்கள்.


பாளையங்கோட்டை கணினி ஆசிரியை எழுதியது:

மூன்றாவது கேள்வியைத் தொட ஒருவரும் இல்லையே என்று பார்த்துக்கொண்டிருந்தேன். கல்லூரியில் கணினி அறிவியல் நடத்துகிறேன். எங்கள் பாடத்தில் தரவுகளை அடுக்கும் ஒரு வடிவத்துக்கே மரம் என்று பெயர். அதில் வேர் உண்டு, கணு உண்டு, இலை உண்டு. ஆனால் வேர் மேலே இருக்கும், இலைகள் கீழே இருக்கும். வேர் மேலும் கிளை கீழுமான அரசமரம் கீதையின் 15ஆம் அத்தியாயத்தில் வருவதைச் சொன்னால் மாணவர்களுக்குத் தலைகீழ் மரம் சட்டென்று பிடிபட்டுவிடுகிறது.

அந்த வடிவத்துக்கு ஒரு கண்டிப்பான விதி இருக்கிறது. வேரைத் தவிர, ஒவ்வொரு கணுவுக்கும் மேலே ஒரே ஒரு கணுதான் இருக்கலாம். பிரிந்த கிளைகள் மீண்டும் சேரக் கூடாது. இந்த விதியைக் கையில் வைத்துக்கொண்டு உங்கள் பள்ளியைச் சுற்றிப் பாருங்கள். வேம்பு விதிக்கு உட்படும். ஆலமரம் உட்படாது. கிளையிலிருந்து இறங்கிய விழுது மண்ணைத் தொட்டு வேர்விட்டுத் தானே ஒரு தண்டாகிவிட்டால், அந்தக் கிளைக்கு இரண்டு வழியாக மண்ணிலிருந்து நீர் வருகிறது. அது இப்போது ஒரு வலை. பனையில் பிரிவே இல்லை. அது ஒற்றைக் கோடு. ஒரே வளாகத்தில் கோடு, மரம், வலை என மூன்று வடிவங்களும் நிற்கின்றன. இந்தப் பாடத்துக்கு இதைவிட நல்ல ஆய்வுக்கூடம் என் கல்லூரியில் இல்லை.

இனிக் குடும்பம். அந்த ஆச்சி சொன்னதே மரபு. கொடிவழி என்பது வம்சத்தைக் குறிக்கும் பழகிய சொல். தாயையும் பிள்ளையையும் இணைப்பதையும் கொப்பூழ்க்கொடி என்றே சொல்கிறோம். நம் வாழ்த்துகளில் குடும்பத்துக்கு வரும் உவமைகளைப் பாருங்கள்: ஆல்போல் தழைத்து, அருகுபோல் வேரூன்றி, மூங்கில்போல் சுற்றம் சூழ, வாழையடி வாழையாக. இவற்றில் ஒன்றுகூட ஒற்றை அடிமரத்திலிருந்து பிரிந்து பிரிந்து போகும் உருவம் இல்லை. ஆல் விழுதூன்றுகிறது. அருகு கணுதோறும் வேர்விட்டுப் படர்கிறது. மூங்கிலும் வாழையும் அடிக்கிழங்கிலிருந்து பக்கத்திலேயே அடுத்ததை எழுப்புகின்றன. நம் குடும்பங்களில் மாமன் மகளையும் அத்தை மகனையும் மணந்தவர்களை வரைந்தால், பிரிந்த கோடுகள் மூன்றாம் தலைமுறையில் மீண்டும் சேர்ந்துவிடும். மரத்தின் விதி அங்கே உடைகிறது. கொடி பின்னிக்கொள்வது இயல்பாகப் பொருந்துகிறது. அதே வேளையில் உறவைக் கிளை என்று சொல்வதும் நம்மிடம் பழமையானது. சுற்றத்தாரைக் கிளைஞர் என்கிறது இலக்கியம். நம் சீமையில் சில சமூகங்களில் கொத்து, கிளை என்று உறவை வகுத்து, கிளையைத் தாய்வழியாகக் கொண்டு, ஒரே கிளைக்குள் மணம் செய்யாமல் இருக்கிறார்கள். ஆகவே தலைப்பில் ‘கொடிவழி’ என்றும், பிரிவுகளுக்குக் ‘கிளை’ என்றும் எழுதலாம் என்பது என் எண்ணம்.

ஆற்றுக்கு வருகிறேன். தாமிரபரணியின் படத்தில் பிள்ளைகள் எல்லாவற்றையும் கிளையாறு என்று எழுதியிருப்பார்கள் என்று நினைக்கிறேன், அது பொருந்தாது. வந்து சேர்வது துணையாறு. பிரிந்து போவதுதான் கிளையாறு. சேர்வலாறு, மணிமுத்தாறு, கடனாநதி, பச்சையாறு, சீவலப்பேரியில் வந்து கலக்கும் சிற்றாறு ஆகிய எல்லாம் துணையாறுகள். பொதிகை மலையில் சிறு ஓடைகள் கூடி, ஓடைகள் ஆறாகி, ஆறுகள் பொருநை என்னும் தாமிரபரணியில் சேரும் பகுதி மரத்தின் வேர்ப்பகுதிக்கு ஒப்பானது. சமவெளியில் கோடைமேலழகியான் முதல் ஸ்ரீவைகுண்டம் வரை உள்ள எட்டு அணைக்கட்டுகளிலிருந்து கால்வாய்கள் பிரிந்து, கால்வாயிலிருந்து கிளைக்கால்களாகவும், மடைகளாகவும் போய் வயலில் முடியும் பகுதி கிளைக்கு ஒப்பானது. படத்தைப் பக்கவாட்டில் திருப்பிப் பார்த்தால் மேற்கே வேர், நடுவே அடிமரம், கிழக்கே கிளை, நுனியில் நெல். கன்னடியன் கால்வாய் அந்த மரத்தின் ஒரு கொப்பு. உங்கள் பள்ளி அந்தக் கொப்பில் இருக்கிறது. ஆனால் வயலில் பாய்ந்து மிஞ்சிய நீர் வடிகால் வழியாகக் கீழே உள்ள குளத்துக்கோ ஆற்றுக்கோ திரும்பும் இடங்களையும் பிள்ளைகள் வரைந்தால், இதுவும் வலையாகிவிடும். வரையவே சொல்லுங்கள்.


தேரிக்காட்டுக்காரர் எழுதியது:

கணினி ஆசிரியை அவர்களுக்கு ஒரு திருத்தம். பனையில் பிரிவே இல்லை என்பது பொதுவாகச் சரி. ஆனால் குருத்தில் அடிபட்டோ வேறு காரணத்தாலோ, மிக அரிதாக இரண்டு தலையாகப் பிரிந்து நிற்கும் பனையும் உண்டு. அப்படி ஒன்று நின்றால் அந்த இடத்துக்கு அதையே அடையாளமாகச் சொல்வார்கள். வாழையைப் பற்றிச் சொன்னது மிகவும் பொருத்தம். தாய்வாழை தார் தந்து சாய்வதற்குள் கன்று பக்கத்தில் நிற்கும்.


வாய்க்கால்கரை ஆசிரியர் எழுதியது:

எல்லோருக்கும் மனமார்ந்த நன்றி. ஆணி அடித்துத்தான் மாட்டியிருந்தோம். இன்று மாலையே பிள்ளைகளோடு நின்று எல்லாவற்றையும் கழற்றினோம். பூவரசில் இரண்டு ஆணிகளைச் சுற்றிப் பட்டை ஏற்கெனவே புடைத்திருந்ததைக் கண்டபோது வருத்தமாக இருந்தது. பலகைகளை இனி மூங்கில் கம்புகளில் நிறுத்துகிறோம்.

ஒரே அச்சைக் கைவிட்டுவிட்டேன். அகக்காழ் உள்ளவற்றுக்கு வேர், மூடு, கொப்பு, கவடு, இணுக்கு, தளிர், இலை, சருகு, வைரம், வெளிறு என்று ஒரு வரிசையும், புறக்காழ் உள்ளவற்றுக்குக் குருத்து, சாரோலை, காவோலை, மட்டை, கருக்கு, பன்னாடை, பாளை, குலை என்று வேறு வரிசையும் எழுதப்போகிறோம். ஆலமரத்தின் பலகையில் விழுதைத் தனியாகக் காட்டி, எந்தெந்த விழுது மண்ணைத் தொட்டிருக்கிறது என்று ஆண்டுதோறும் குறிக்க இடம் விடுகிறோம். கொப்புக் கழுத்து என்ற சொல்லை அப்படியே எடுத்துக்கொள்கிறேன். புளியில் அது எங்கே இருக்கிறது என்று கேட்டவுடன், பிள்ளைகள் நான் காட்டுவதற்கு முன்பே தொட்டுக் காட்டிவிட்டார்கள். கொடிவழியைப் பற்றி அந்த ஆச்சிக்குச் சொல்லி அனுப்பினேன். தம் வீட்டுக் கொடிவழியைத் தாமே வந்து சொல்வதாக மறுமொழி வந்திருக்கிறது.

பனையேறும் பெரியவரிடம், புதிய பலகையில் எழுதும் முன் ஒரு முறை சரிபார்த்துத் தருமாறு கேட்டேன். ஒப்புக்கொண்டார். படம் மட்டும் போதாது, மதிலோரம் இன்னும் நான்கைந்து பனை நிற்க வேண்டும் என்று அவர் சொல்கிறார். விதை எங்கே கிடைக்கும், எப்போது ஊன்றலாம்?


தேரிக்காட்டுக்காரர் எழுதியது:

ஆவணி, புரட்டாசியில் எங்கள் விளையில் பழம் விழும். ஒரு சாக்குக் கொட்டை அனுப்பிவைக்கிறேன் ஐயா. ஐப்பசி மழைக்கு முன் ஊன்றிவிடுங்கள். பிள்ளைகள் தின்னக் கிழங்கு வேண்டுமானால் மண்ணைக் குவித்துப் பாத்தி கட்டி, கொட்டைகளை நெருக்கமாக அடுக்கி, மேலே மண் போடுங்கள். தை மாதத்தில் பிடுங்கலாம். மரமாக நிற்க வேண்டியவற்றைப் பாத்தியில் முளைக்கவிட்டுப் பெயர்த்து நடாதீர்கள். முளை ஆழமாக இறங்குவதால் பெயர்த்தால் பிழைப்பது கடினம். நிற்க வேண்டிய இடத்திலேயே பத்தடி இடைவெளியில் குழி எடுத்து, குழிக்கு இரண்டு கொட்டையாகப் போட்டு மூடுங்கள். மதிலிலிருந்து சற்றுத் தள்ளியே குழி எடுங்கள். வடலி ஓலை விரிக்க நாலாபுறமும் இடம் வேண்டும்.